தெல்மா ரிட்டர் 45 வயதில்தான் தொடங்கினாரா?

கேள்வி: எனக்கு 46 வயது. திருச்சியில் இருக்கிறேன். கல்லூரியில் படிக்கும்போது நாடகப் பைத்தியம். படிப்பு முடிந்து இரண்டு வருடம் ஒரு குழுவோடு ஊர் ஊராகப் போய் நடித்தேன். அப்புறம் கல்யாணம், இரண்டு பிள்ளைகள், மாமியாரின் உடல்நிலை என்று எல்லாம் நின்றுபோனது. இப்போது மகன் வேலைக்குப் போய்விட்டான், மகள் விடுதியில் படிக்கிறாள். போன மாதம் 'ரியர் விண்டோ' படம் பார்த்தேன். அதில் நர்ஸாக வருகிறவர் யார் என்று தேடியபோது, அவர் பெயர் தெல்மா ரிட்டர், 45 வயதில்தான் சினிமாவுக்கு வந்தார், ஆறு முறை ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டார் என்று படித்தேன். அன்று ராத்திரி தூக்கமே வரவில்லை. நானும் திரும்ப வரலாமா? வந்தாலும் அம்மா, வேலைக்காரி, பக்கத்து வீட்டு மாமி வேடம்தானே தருவார்கள்? ஆடிஷனுக்குப் போட்டோ எடுக்கும்போது தலைக்கு டை அடித்துக்கொள்ள வேண்டுமா?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு, வணக்கம்.

வரலாம். முதலில் அதைச் சொல்லிவிடுகிறேன், மீதியை நிதானமாகப் படியுங்கள்.

உங்களைத் தூங்கவிடாமல் செய்த அந்த வரியை மட்டும் கொஞ்சம் திருத்தியாக வேண்டும். 45 வயதில் சினிமாவுக்கு வந்தார் என்பது சரி. 45 வயதில் நடிக்கத் தொடங்கினார் என்று அதை நீங்கள் எடுத்துக்கொண்டிருந்தால் தவறு. இருபத்தெட்டு வருடமாக நடிப்புச் சொல்லிக்கொடுத்துப் பிழைக்கிறவள் நான். தெல்மா ரிட்டரின் பெயரை வகுப்பில் சொல்லாத வருடம் கிடையாது. அதனால் அவர் கதையைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். நீங்கள் கேட்டதில் பாதிக்கு அதற்குள்ளேயே பதில் வந்துவிடும்.

அவர் பிறந்தது 1902 பிப்ரவரி 14, நியூயார்க்கின் புரூக்ளினில். பள்ளி நாட்களிலேயே மேடை ஏறியவர். நியூயார்க்கில் இருந்த அமெரிக்கன் அகாடமி ஆஃப் டிரமாடிக் ஆர்ட்ஸில் முறையாகப் படித்தார். அப்புறம் 'ஸ்டாக் கம்பெனி' என்று அங்கே சொல்லப்பட்ட நாடகக் குழுக்களில் வேலை. ஓர் ஊரில் கொட்டகை பிடித்துத் தங்கி, வாரத்துக்கு ஒரு நாடகம் போடும் குழுக்கள் அவை. ராத்திரி இந்த வார நாடகம், பகலில் அடுத்த வார நாடகத்துக்கு ஒத்திகை. இன்று பாட்டி, அடுத்த வாரம் பணிப்பெண், அதற்கடுத்த வாரம் கடன்காரி. அப்படி வேலை செய்தவருக்கு வசனத்தை மனப்பாடம் செய்வது பிரச்சினையே இல்லை. மேடைக்கு வந்த பத்தாவது நொடிக்குள் 'இவள் யார்' என்று ஜனங்களுக்குக் காட்டத் தெரிந்திருக்கும். அதை யாரும் அவருக்கு 45 வயதில் புதிதாகக் கற்றுக்கொடுக்கவில்லை.

1927-ல் ஜோசப் மோரன் என்ற நடிகரைக் கல்யாணம் செய்துகொண்டார். பொருளாதார மந்தம் வந்தது, கொட்டகைகள் மூடின, இரண்டு பேருக்கும் வேலை இல்லை. கணவர் நடிப்பை விட்டுவிட்டு விளம்பரத் துறைக்குப் போனார், அதில் நன்றாக முன்னேறினார். இரண்டு குழந்தைகள் பிறந்தன. தெல்மா மேடையிலிருந்து ஒதுங்கி வீட்டைப் பார்த்துக்கொண்டார். பிள்ளைகள் கொஞ்சம் வளர்ந்த பிறகு, நாற்பதுகளில், வானொலி நாடகங்களில் குரல் கொடுக்க ஆரம்பித்தார். இதைத்தான் உங்களிடம் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். சினிமாவுக்கு முன்னால் அவர் வானொலி வழியாகத்தான் திரும்ப வந்தார். முகம் தெரியாது, சம்பளமும் பெரிதாக இருந்திருக்காது, குரலை மட்டும் வைத்துக்கொண்டு ஒரு பெண்ணை உருவாக்க வேண்டும். சினிமாவில் அவர் வாய் திறந்ததும் ஜனங்கள் திரும்பிப் பார்த்தார்கள் என்றால், அதற்கு முன் அந்த மைக்குக்கு முன்னால் நின்ற நாட்களும் சேர்ந்துதான் காரணம். கரகரத்த, புரூக்ளின் வாடை வீசும் குரல். அதை மாற்ற அவர் முயன்றதே இல்லை.

ஆக, அவர் சினிமாவுக்கு வந்தபோது பயிற்சி இருந்தது, பழக்கம் விட்டுப்போகாமல் வானொலி இருந்தது, வீட்டில் மாதாமாதம் சம்பளம் வந்தது, படப்பிடிப்பு நடந்த நியூயார்க்கிலேயே குடியிருந்தார். அவருடைய முதல் படத்தை இயக்கிய ஜார்ஜ் சீட்டன் அவருடைய நண்பர். இதையெல்லாம் சொல்வது உங்களை அதைரியப்படுத்த இல்லை. ஒருவரின் வாழ்க்கையைப் பார்த்து நாம் ஒரு முடிவெடுக்கும்போது, அவருக்குக் கீழே என்னென்ன தாங்கிக்கொண்டிருந்தன என்பதையும் எண்ணிப் பார்த்துவிட வேண்டும். உங்களுக்கும் அந்த இரண்டு வருட மேடை இருக்கிறது. அதைக் குறைத்து எடைபோடாதீர்கள்.

சரி, அந்தக் காட்சிக்கு வருவோம். 1947-ல் வந்த 'மிராக்கிள் ஆன் தர்ட்டி ஃபோர்த் ஸ்ட்ரீட்'. நியூயார்க்கின் மேஸிஸ் கடையில் கிறிஸ்துமஸ் கூட்டம். சாண்டா கிளாஸாக உட்கார்ந்திருக்கும் பெரியவர் ஒரு பையனுக்குத் தீயணைப்பு வண்டி பொம்மை தருவதாக வாக்குக் கொடுத்துவிடுகிறார். பக்கத்தில் நிற்கும் அம்மாதான் தெல்மா. கடை கடையாக ஏறி இறங்கிவிட்டாள், எங்கேயும் அந்தப் பொம்மை இல்லை. கால் வலிக்கிறது, இந்தப் பெரியவர் வேறு பையனுக்கு ஆசை காட்டிவிட்டார். பிள்ளை காதில் விழாமல் அவரோடு சண்டைபோட வேண்டும். சண்டைபோட வாய் திறக்கும்போதே, அது இன்ன கடையில் கிடைக்கும், இன்ன விலை என்று அவர் சொல்லிவிடுகிறார். மேஸிஸில் உட்கார்ந்துகொண்டு இன்னொரு கடைக்கு அனுப்புகிறாரே! அவள் முகத்தில் அந்த நேரத்தில் நடப்பதைப் பாருங்கள். கோபம் முழுசாக இறங்குவதற்கு முன்பே ஆச்சரியம் வந்துவிடுகிறது, இரண்டும் ஒன்றோடொன்று மோதுகின்றன. அப்புறம் அவள் நேரே பொம்மைப் பிரிவின் மேலாளரைத் தேடிப் போய், இனிமேல் நான் எல்லாவற்றையும் உங்கள் கடையில்தான் வாங்கப் போகிறேன் என்று சொல்லிவிட்டுப் போகிறாள். அவ்வளவுதான் வேடம். படத்தின் பெயர்ப் பட்டியலில் அவர் பெயர்கூட இல்லை.

ஆனால் அந்தக் கதையே அவளைப் பிடித்துக்கொண்டுதான் திரும்புகிறது. அந்தக் கடை, வாடிக்கையாளரின் நலனைப் பார்க்கும் கடை என்று பெயரெடுக்கத் தொடங்குவது அவள் போன்ற அம்மாக்கள் நன்றி சொல்வதிலிருந்து. அந்த நன்றி பொய்யாக ஒலித்திருந்தால் மீதிப் படம் நம்பமுடியாததாகப் போயிருக்கும். சின்ன வேடத்தின் கனம் என்னவென்று மாணவர்களுக்குப் புரிய வைக்க நான் இந்தக் காட்சியைத்தான் போட்டுக் காட்டுவேன்.

1949-ல் ஜோசப் மான்கீவிச் இயக்கிய 'எ லெட்டர் டு த்ரீ வைவ்ஸ்' படத்தில் ஒரு வேலைக்காரி. அதிலும் பெயர் போடவில்லை. வீட்டில் விருந்து என்பதால் வெள்ளைத் தொப்பி மாட்டிக்கொள்ளச் சொல்கிறார்கள், அது அவளுக்கு அறவே பிடிக்கவில்லை. அந்த ஒரு தொப்பியைப் பிடித்துக்கொண்டு அந்தப் பெண் தன் வேலையை எவ்வளவு மதிக்கிறாள், தன்னை எவ்வளவு மதிக்கிறாள் என்று முழுசையும் சொல்லிவிட்டார். மான்கீவிச் அவரை மறக்கவில்லை. அடுத்த வருடமே 'ஆல் அபவுட் ஈவ்' படத்தில் பேர்டி என்ற வேடம் தந்தார். அதற்குத்தான் முதல் ஆஸ்கர் பரிந்துரை. அப்போது அவருக்கு 48 வயது.

பேர்டி, பெட் டேவிஸ் நடித்த பெரிய நட்சத்திர நடிகைக்கு உடை மாற்றிவிடும் பெண். ஒரு காலத்தில் அவளும் மேடைக் கலைஞர்தான். ஈவ் என்ற இளம்பெண் ஒப்பனை அறைக்கு வந்து தன் சோகக் கதையைச் சொல்கிறாள். அறையில் இருக்கும் எல்லோரும் உருகிப்போகிறார்கள். பேர்டியும் கேட்கிறாள். கதை முடிந்ததும் அவள் ஒரு வரி சொல்கிறாள், கிண்டலான வரி. எஜமானி கோபிக்கிறாள், உடனே அவள் மன்னிப்பும் கேட்டுவிடுகிறாள். அந்த ஒரு வரியிலிருந்து பார்க்கிற நமக்குச் சந்தேகம் ஒட்டிக்கொண்டுவிடும். பிறகு ஒரு நாள் காலைச் சாப்பாட்டுத் தட்டோடு படுக்கையறைக்கு வரும்போது எஜமானி கேட்கிறாள், உனக்கு ஈவைப் பிடிக்கவில்லையா என்று. பேர்டி அவசரப்படுவதில்லை. பதில் வேண்டுமா, சண்டை வேண்டுமா என்று திருப்பிக் கேட்கிறாள். அப்புறம்தான், அவள் உங்களை ஒரு பாடம் மாதிரிப் படித்துக்கொண்டிருக்கிறாள், எப்படி நடக்கிறீர்கள், எப்படிச் சாப்பிடுகிறீர்கள் என்று, என்கிறாள். குரலை உயர்த்தவில்லை. கண்ணை உருட்டவில்லை. கூடவே இருந்து பார்த்தவள் சொல்கிற மாதிரிச் சொல்கிறாள். படத்தின் பின்பாதியில் பேர்டி வருவதே இல்லை. நான் ஒவ்வொரு முறை பார்க்கும்போதும் அவளைத் தேடுவேன்.

அந்த வருடம் விருது ஜோசஃபின் ஹல்லுக்குப் போனது. அடுத்த வருடம் 'தி மேட்டிங் சீசன்' படத்துக்காக மறுபடியும் பரிந்துரை. அதில் அவர் ஹாம்பர்கர் கடை வைத்திருந்த ஓர் அம்மா. மகன் பணக்கார வீட்டுப் பெண்ணைக் கட்டிக்கொள்கிறான். மருமகள் இவளைச் சமைக்க வந்த ஆள் என்று நினைத்துவிடுகிறாள், இவளும் மறுக்காமல் அடுப்படிக்குள் போய்விடுகிறாள். உண்மையில் அந்தப் படத்தைத் தோளில் தூக்கி நடப்பவர் தெல்மாதான், ஆனாலும் பரிந்துரை துணை நடிகைக்குத்தான். 1952-ல் 'வித் எ சாங் இன் மை ஹார்ட்', 1953-ல் 'பிக்கப் ஆன் சவுத் ஸ்ட்ரீட்'. நான்கு வருடம் வரிசையாகப் பரிந்துரை, நான்கு முறையும் விருது வேறொருவருக்கு. பிறகு 1959-ல் 'பில்லோ டாக்', 1962-ல் 'பேர்ட்மேன் ஆஃப் அல்கட்ராஸ்'. ஆறாவது முறை அவரை முந்தியவர் பதின்ம வயதுப் பெண்ணான பேட்டி டியூக். சிறந்த துணை நடிகை என்ற அந்த ஒரு பிரிவில் ஆறு முறை பரிந்துரை பெற்ற இன்னொருவர் இதுவரை இல்லை. அந்தச் சிலை ஒருமுறையும் அவர் வீட்டுக்கு வரவில்லை.

உங்களுக்குத் தூக்கம் வராமல் செய்த 'ஆறு முறை' என்பதற்குள் இதுவும் அடக்கம். ஆறு முறை நல்ல உடை உடுத்திக் காத்திருந்து, பெயர் வராமல், மறுநாள் வேலைக்குப் போயிருக்கிறார். திரும்ப வர நினைக்கிறவர்கள் தங்களையே முதலில் கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி இதுதான் என்று நினைக்கிறேன். மறுநாள் வேலைக்குப் போகும் ஆசை இருக்கிறதா? அது இருந்தால் வாருங்கள்.

இப்போது உங்கள் இரண்டாவது கேள்வி. அம்மா, வேலைக்காரி, மாமி வேடம்தானே தருவார்கள் என்கிறீர்கள். ஆமாம், பெரும்பாலும் அதுதான் கிடைக்கும். தெல்மாவுக்கும் அதுதான் கிடைத்தது. பட்டியலைப் பாருங்கள். அம்மா, வேலைக்காரி, உடை மாற்றுகிறவள், சமையல்காரி, நர்ஸ், வீட்டைக் கூட்டிப் பெருக்குகிறவள், 'தி மிஸ்ஃபிட்ஸ்' படத்தில் வாடகைக்கு அறை விடும் பெண். அவர் என்ன செய்தார் என்றால், ஒரு வேடத்தையும் 'அம்மா' என்ற பொதுப்பெயரில் நடிக்கவில்லை. அவருடைய ஒவ்வொரு பெண்ணுக்கும் கையில் ஒரு வேலை இருக்கும், மனதில் ஒரு கணக்கு இருக்கும், எதைப் பற்றியும் சொந்தமாக ஓர் அபிப்பிராயம் இருக்கும்.

நீங்கள் பார்த்த 'ரியர் விண்டோ'வையே எடுத்துக்கொள்ளுங்கள். ஸ்டெல்லா, இன்ஷூரன்ஸ் கம்பெனி அனுப்பிய நர்ஸ். கால் ஒடிந்து சக்கர நாற்காலியில் ஜன்னலோரம் உட்கார்ந்திருக்கும் ஜேம்ஸ் ஸ்டூவர்ட்டைப் பார்க்க வருகிறாள். உள்ளே நுழையும்போதே, அடுத்த வீட்டை எட்டிப் பார்த்தால் நியூயார்க் மாநிலத்தில் ஆறு மாத ஜெயில் என்று ஆரம்பித்துவிடுகிறாள். அவர் வாயில் தெர்மாமீட்டர், அதனால் அவரால் பேச முடியாது, இவள் பேசிக்கொண்டே இருக்கிறாள். 1929-ல் பங்குச் சந்தை விழப்போவது தனக்கு முன்பே தெரியும், ஒரு பெரிய கார் கம்பெனியின் இயக்குநருக்கு நர்ஸாக இருந்தபோது அவர் எத்தனை முறை கழிவறைக்குப் போனார் என்று எண்ணியே கண்டுபிடித்துவிட்டேன் என்கிறாள். அப்புறம் அவரைக் கவிழ்த்துப் படுக்க வைத்து முதுகில் எண்ணெய் தேய்க்கிறாள். இப்போது அந்தக் கைகளைக் கவனியுங்கள். வசனத்துக்காகக் கை நிற்பதில்லை, கைக்காக வசனம் நிற்பதில்லை. நூறு முதுகு தேய்த்த கை அது. கல்யாணத்தைப் பற்றிப் புத்தி சொல்லும்போது அழுத்தம் கூடுகிறது, அது கோபத்தில் கூடுகிறதா வைத்தியத்தில் கூடுகிறதா என்று பிரித்துச் சொல்ல முடியாது. இயக்குநர் ஹிட்ச்காக், படத்தின் அறிமுகச் செய்திகளில் முக்கால்வாசியை அந்த மசாஜுக்குள் நமக்கு ஊட்டிவிடுகிறார். நமக்குச் செய்தி கேட்ட மாதிரியே தெரிவதில்லை.

பிறகு ஒரு காலை, முட்டையும் பன்றி இறைச்சியும் தட்டில் வைத்துக் கொடுத்துவிட்டு, பெண்டாட்டியைக் கொன்றிருப்பானோ என்று அவர்கள் சந்தேகப்படும் எதிர் வீட்டுக்காரன் அவளை எங்கே வைத்து வெட்டியிருப்பான், குளியல் தொட்டியில்தான், ரத்தத்தைக் கழுவிவிட வசதி என்று யோசிக்கிறாள். ஸ்டூவர்ட்டால் சாப்பிட முடியவில்லை. தெல்மா அதைச் சிரிப்புக்காகச் சொல்லவில்லை. வீட்டு வேலை தெரிந்த பெண், கறையை எப்படிக் கழுவலாம் என்று நிஜமாகவே கணக்குப் போடுகிறாள். அதனால்தான் சிரிப்பு வருகிறது.

என் பட்டறைக்கு வரும் நாற்பது, ஐம்பது வயதுப் பெண்கள் பலர் முதல் நாளில் ஒரே தப்பைச் செய்வார்கள். 'அம்மா' என்றதும் முகத்தில் ஒரு பொறுமையைப் பூசிக்கொள்வார்கள், குரல் ஈரமாகிவிடும். இருபத்தைந்து வருடம் அம்மாவாக இருந்தவர்கள், மேடையில் அம்மாவாக நின்றதும் யாரோ ஓர் அம்மாவைப் போலி செய்கிறார்கள்! நான் ஒரு முறத்தில் சின்ன வெங்காயத்தைக் கொடுத்து, உரித்துக்கொண்டே அதே வசனத்தைச் சொல்லச் சொல்வேன். இரண்டு நிமிடத்தில் அந்தப் பூச்சு போய்விடும். மகனைத் திட்டும் வசனம் திட்டாகவே வரும். நடுவில் ஒரு வெங்காயம் அழுகியிருந்தால் அதைத் தூக்கித் தனியே போட்டுவிட்டு வசனத்தைத் தொடர்வார்கள். அதுதான் எனக்கு வேண்டும்.

தெல்மாவின் வேடங்களில் எனக்கு உயிர், மோ என்ற பெண். சாமுவேல் ஃபுல்லர் இயக்கிய 'பிக்கப் ஆன் சவுத் ஸ்ட்ரீட்' படத்தில், நியூயார்க் தெருக்களில் ஒரு டாலருக்குக் கழுத்துப் பட்டை விற்கும் வயதான பெண். பட்டை விற்பது பேருக்கு. எந்தத் திருடன் எங்கே ஒளிந்திருக்கிறான் என்ற தகவலைப் போலீசுக்கு விற்பதுதான் பிழைப்பு. காவல் அதிகாரியின் மேஜைக்கு முன்னால் உட்கார்ந்து பேரம் பேசுகிறாள், விலைவாசி ஏறிவிட்டது, என் விலையும் ஏறும் என்று. அந்தப் பணத்தையெல்லாம் எதற்குச் சேர்க்கிறாள் தெரியுமா? தன் அடக்கத்துக்கு. நல்ல கல்லறைத் தோட்டத்தில் ஓர் இடம், பெயர் பொறித்த ஒரு கல். அநாதைப் பிணங்களைப் புதைக்கும் பொது இடத்துக்குத் தன்னைக் கொண்டுபோய்விடக் கூடாது என்பது மட்டும்தான் அவளுடைய பயம். அவள் காட்டிக்கொடுத்த திருடனே அவள்மேல் கோபப்படுவதில்லை. அவளும் சாப்பிட வேண்டுமே என்கிறான்.

ஒரு ராத்திரி நாள் முழுக்க நடந்து களைத்து அறைக்கு வருகிறாள். கிராமபோனில் இசைத்தட்டைப் போடுகிறாள். உள்ளே ஒருவன் துப்பாக்கியோடு காத்திருக்கிறான், அந்தத் திருடனின் முகவரி வேண்டும் அவனுக்கு. எல்லாவற்றையும் விலைக்கு விற்றவள், இதை மட்டும் விற்க மாட்டேன் என்கிறாள். அந்தக் காட்சியில் தெல்மா அழவில்லை, கெஞ்சவில்லை. களைத்துப்போயிருக்கிறார், அவ்வளவுதான். ஆசைப்பட்ட அடக்கம் கிடைக்கப்போவதில்லை என்று, வாங்க நினைத்த சேலை கடையில் தீர்ந்துபோன மாதிரிச் சொல்கிறார். இவ்வளவு களைப்பாக இருக்கிறேன், நீ சுட்டால் எனக்கு உபகாரம்தான் என்கிறார். கேமரா மெதுவாக நகர்ந்து இசைத்தட்டுக்குப் போகிறது. பாட்டு முடிகிறது, வெடிச் சத்தம் கேட்கிறது. நாம் அவர் முகத்தைப் பார்ப்பதில்லை. பிறகு அந்தத் திருடன் பிணங்கள் ஏற்றிய படகிலிருந்து அவள் பெட்டியை மீட்டுக் கொண்டுபோவான். முதல் தடவை இதைப் பார்த்துவிட்டு வீடு வரை ஒரு வார்த்தை பேசாமல் நடந்து வந்தது எனக்கு ஞாபகம் இருக்கிறது. இந்த வேடத்தைக் காகிதத்தில் ஒரு வரியில் எழுதினால் 'போலீசுக்குத் தகவல் சொல்லும் கிழவி' என்றுதான் எழுதுவார்கள். உங்களுக்கும் நாளைக்கு அப்படி ஒரு வரியில்தான் வேடம் வரும்.

மீதியைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1955 மார்ச்சில் நடந்த ஆஸ்கர் விழாவை ஹாலிவுட்டில் பாப் ஹோப் நடத்த, நியூயார்க் மேடையில் நடத்தியவர் தெல்மா. அதே வருடம் 'தி கேட்டர்ட் அஃபேர்' என்ற தொலைக்காட்சி நாடகத்தில், மகளுக்கு விமரிசையாகக் கல்யாணம் செய்து பார்க்கத் துடிக்கும் டாக்ஸி டிரைவரின் மனைவியாக நடித்து எம்மி பரிந்துரை பெற்றார். அடுத்த வருடம் அது சினிமாவானபோது அந்த வேடம் பெட் டேவிஸுக்குப் போனது. ஆம், 'ஆல் அபவுட் ஈவ்' படத்தில் இவர் உடை மாற்றிவிட்ட அதே பெட் டேவிஸ். எனக்கு இது இன்றைக்கும் ஆறாத வருத்தம். நட்சத்திரம் வேண்டும் என்ற கணக்கு எல்லா ஊரிலும் உண்டு, உங்களுக்கும் ஒரு நாள் நடக்கலாம், இப்போதே சொல்லிவைக்கிறேன்.

1957-ல் அவர் நியூயார்க்கின் பெரிய நாடக அரங்குகளான ப்ராட்வேக்குத் திரும்பினார். யூஜின் ஓ'நீலின் நாடகம் ஒன்றை இசை நாடகமாக்கிய 'நியூ கேர்ள் இன் டவுன்'. வயது 55. பாடகியும் இல்லை, நடனக்காரியும் இல்லை, துறைமுகத்தில் குடித்துத் திரியும் பெண்ணாகப் பாட்டு நாடகத்தில் நின்றார். 1958-ல் இசை நாடகத்தின் சிறந்த நடிகைக்கான டோனி விருதை, கதாநாயகியாக ஆடிய க்வென் வெர்டனோடு பகிர்ந்துகொண்டார். துணை நடிகை விருது இல்லை, நடிகை விருது. சினிமா கொடுக்காததை மேடை கொடுத்தது. கடைசி ஆஸ்கர் பரிந்துரை தந்த 'பேர்ட்மேன் ஆஃப் அல்கட்ராஸ்' அம்மாவையும் தேடிப் பாருங்கள். மகனைத் தூக்கிலிருந்து காப்பாற்றப் போராடும் அதே அம்மா, அவன் வாழ்க்கையில் இன்னொரு பெண் வந்ததும் கல்லாகிவிடுகிறாள். அதுவரை ஜனங்கள் ஆசையாகப் பார்த்த முகத்தை அவர் கொஞ்சமும் தயங்காமல் வெறுக்கும்படி செய்துவிட்டார். 1969 பிப்ரவரி 5-ல், 67 வயது நிறைய ஒன்பது நாள் இருக்கும்போது, மாரடைப்பில் இறந்தார். 1968-ல் அவர் நடித்த கடைசிப் படத்தை இயக்கியவர் யார் தெரியுமா? அந்த முதல் காட்சிக்குக் கூப்பிட்ட ஜார்ஜ் சீட்டன்.

இனி உங்களுக்குச் சில விஷயங்கள். நேரே சினிமா ஆடிஷனுக்கு ஓடாதீர்கள். திருச்சியில் இருக்கும் நாடகக் குழு எதிலாவது சேருங்கள், ஒத்திகைக்கு டீ போட்டுக் கொடுக்கிற வேலையாக இருந்தாலும் சரி. குரல் வேலைகளைத் தேடுங்கள். வானொலி, ஒலிப்புத்தகம், டப்பிங், எது கிடைத்தாலும். ஒரு வருடம் அப்படிப் போகட்டும். அதற்குள் குறும்படம் எடுக்கும் பிள்ளைகள் கூப்பிட்டால் போங்கள், அவர்களில் யாராவது ஒருவர் பத்து வருடம் கழித்து உங்கள் சீட்டனாக இருக்கலாம். வேடம் தருகிறேன், முன்பணம் கட்டுங்கள் என்று யார் சொன்னாலும் அங்கேயே எழுந்து வந்துவிடுங்கள். நடிப்பவருக்குத்தான் சம்பளம். நடிப்பவர் பணம் கட்டுவது எந்த ஊர்த் தொழிலிலும் கிடையாது. வீட்டுக்காரரிடம் இதை விளையாட்டாகச் சொல்லாதீர்கள். வாரத்தில் எந்த மூன்று மாலை உங்களுடையது என்று உட்கார்ந்து பேசி முடிவு செய்துகொள்ளுங்கள்.

டை வேண்டாம். தெல்மாவைத் தேடி வந்தவர்கள் 45 வயது முகத்தைத் தேடித்தான் வந்தார்கள். நரையோடு, மார்க்கெட்டுக்குப் போகும் சேலையில், ஜன்னல் வெளிச்சத்தில் ஒரு போட்டோ நேராக, ஒன்று பக்கவாட்டில். முகத்துக்குப் பவுடர்கூட வேண்டாம். கூடவே போனில் ஒரு நிமிட வீடியோ எடுங்கள். துணி மடியுங்கள், கீரை ஆயுங்கள், உங்களுக்குக் கை பழகிய எந்த வேலையானாலும் சரி. அதைச் செய்துகொண்டே, இந்த மாதம் யாரோடாவது விலை பேசி ஜெயித்த கதையைச் சொல்லுங்கள். கேமராவை நிமிர்ந்து பார்க்க வேண்டாம். எடுத்து அனுப்புங்கள், பார்த்துவிட்டு எழுதுகிறேன்.